மைசூரில் வாங்கிய பாட்டில், கோத்தகிரியில் விசாரணை: ஒரு பொங்கல் விடுமுறை நிகழ்வு ஆய்வு

நீலகிரியில் சிறிய விடுதி நடத்துபவர்களுக்கும், வெளிநாட்டு உறவினர்களை மலைக்கு அழைத்து வருபவர்களுக்கும் உதவும் என்று இதை எழுதுகிறேன். கோத்தகிரிக்கு வெளியே, தேயிலைத் தோட்டத்தை ஒட்டிய ஒரு விருந்தினர் வீட்டின் முன்பதிவையும் கணக்கையும் நான் பார்த்துக்கொள்கிறேன். சம்பந்தப்பட்டவர்களிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை விட்டுவிட்டேன்.

இதில் யாருடைய உயிரும் போகவில்லை, யாரும் சிறைக்குப் போகவில்லை. ஆனால் மதுவைத் தொட்டே பார்க்காத இரண்டு பேர், ஒரு வாடகைக் கார் ஓட்டுநரும் எங்கள் வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பெரியவரும், குடித்தவரைவிட அதிகம் அலைந்தார்கள். அது எப்படி நடந்தது என்பதை மற்றவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

பின்னணி

வந்தவர்கள் சிங்கப்பூர்த் தமிழ்க் குடும்பம். கணவர் ஐம்பதை நெருங்குபவர். மனைவி அங்கே செவிலியர். அவருடைய தம்பி, பிறகு தம்பதியின் 19 வயது மகன். பெங்களூரில் இறங்கி, மைசூரில் தங்கி, பொங்கலன்று மாலை பந்திப்பூர் வழியாக நீலகிரிக்கு வருவதாகத் திட்டம். கார் மைசூரில் பிடித்தது. ஓட்டுநர் அங்கேயே பிறந்து வளர்ந்த தமிழர், கடன் போட்டு வாங்கிய சொந்த வண்டி.

சட்டத்தை அலட்சியம் செய்யும் குடும்பம் இல்லை இது. சிங்கப்பூரில் 2015 முதல் இரவு 10.30 மணியிலிருந்து காலை 7 மணி வரை கடையில் மது விற்கக்கூடாது, பொது இடத்தில் குடிக்கவும் கூடாது. அதற்குள் வாழ்ந்து பழகியவர்கள். ஆனால் அங்கே நாடு முழுக்க ஒரே சட்டம். இந்தியாவிலும் அப்படித்தான் இருக்கும், ஒரு ஊரில் வரி கட்டி வாங்கினால் இன்னொரு ஊருக்குக் கொண்டு போகலாம் என்று நம்பினார்கள். மைசூரில் ஒரு பெட்டி பீரும் (330 மி.லி. பாட்டில் 24) இரண்டு முழு பாட்டில் விஸ்கியும் வாங்கினார்கள். பில்லைப் பத்திரமாக வைத்திருந்தார்கள்.

வெளியிலிருந்து வருபவர்களுக்கு எளிதில் பிடிபடாத ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். அரசியலமைப்பின் ஏழாவது அட்டவணையில் மது மாநிலப் பட்டியலில் இருக்கிறது. அதனால் குஜராத்திலும் பீகாரிலும் முழு மதுவிலக்கு, பக்கத்திலேயே புதுச்சேரியில் 18 வயதானால் போதும், கேரளத்தில் 23, தமிழ்நாட்டில் 21. கேரளத்தில் கள்ளுக்கடை சட்டப்படி நடக்கிறது, எல்லை தாண்டி இந்தப் பக்கம் வந்தால் கள்ளே தடை.

தமிழ்நாட்டில் அரசே டாஸ்மாக் கடை நடத்துவதைப் பார்க்கும் வெளியூர்க்காரர் இங்கே மது தாராளம் என்று முடிவு கட்டிவிடுகிறார். ஆனால் இன்றும் நடப்பில் இருப்பது 1937-ஆம் ஆண்டின் மதுவிலக்குச் சட்டம்தான். ராஜாஜி அமைச்சரவை சேலம் மாவட்டத்தில் முதலில் கொண்டுவந்து, 1948-இல் மாகாணம் முழுக்கப் பரவிய அதே சட்டம். 1971-இல் தளர்ந்து, மீண்டும் இறுகி, மறுபடி தளர்ந்து, 1983-இல் டாஸ்மாக் நிறுவனம் வந்து, 2003-இல் சில்லறை விற்பனையும் அதன் கைக்குப் போன பிறகும் சட்டத்தின் அடிப்படை மாறவில்லை. வைத்திருப்பது, கொண்டுசெல்வது, விற்பது எல்லாமே தடை; விதியோ உரிமமோ அனுமதித்த அளவுக்கு மட்டும் விலக்கு. ‘தடை என்று எங்கே எழுதியிருக்கிறது?’ என்று கேட்பவருக்கு இந்தச் சட்டத்தில் பதில் கிடைக்காது. ‘அனுமதி எங்கே இருக்கிறது?’ என்றுதான் கேட்க வேண்டும்.

எங்கள் முன்பதிவுக் குறிப்பில் இ-பாஸ், பிளாஸ்டிக் தடை, குளிர் உடை எல்லாம் இருந்தன. வீட்டில் மது பரிமாறப்படாது என்றும் இருந்தது. எல்லை தாண்டிக் கொண்டுவருவதைப் பற்றி அப்போது எந்த வரியும் இல்லை.

எல்லைச் சாவடியில்

பொங்கலன்று மாலை கார் கக்கநல்லா வந்தது. அந்தச் சாலையில் இரவு 9 மணி முதல் காலை 6 மணி வரை வாகனங்களுக்கு அனுமதி கிடையாது என்பதால், விடுமுறை நாட்களில் இருட்டுவதற்குள் கடக்க வண்டிகள் குவியும். முதலில் பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில்களைத்தான் தேடினார்கள். அதற்காகத் திறந்த பெட்டியில் பீர் இருந்தது. பிறகு டிக்கியையும் திறக்கச் சொன்னார்கள்.

அந்த அம்மா எனக்குப் போன் செய்தபோது சிக்னல் விட்டுவிட்டுத்தான் வந்தது. இரண்டு விஷயங்கள் தெளிவாகக் கேட்டன. ‘பில் இருக்கிறதே’ என்று கணவர் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார். ‘ஏதாவது கொடுத்தா விட்டுடுவாங்களா அண்ணே?’ என்று தம்பி ஓட்டுநரிடம் கேட்டுக்கொண்டிருந்தார்.

பணம் என்ற பேச்சை எடுக்கவே வேண்டாம் என்றேன். ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் தனிக் குற்றம். ஒரு பெட்டி பீருக்காக அதைத் தலையில் போட்டுக்கொள்ளக்கூடாது. அதைவிட முக்கியமாக, பாட்டில்கள் யாருடையவை என்பதைக் கணவரே முன்வந்து எழுதிக் கொடுக்கச் சொன்னேன். காரணம் ஓட்டுநர். மதுவிலக்குச் சட்டப்படி, மது கடத்தப் பயன்பட்ட வாகனத்தைப் பறிமுதல் செய்யலாம். பறிமுதலான வண்டிகள் ஏலத்துக்குப் போவதை இந்த மாவட்டத்தில் எல்லோரும் பார்த்திருக்கிறோம். தனக்குத் தெரியாமல் நடந்தது என்று நிரூபிக்கும் சுமை வண்டிக்காரர் மேல் விழும். பயணிக்குப் போவது சில ஆயிரம் ரூபாய்ச் சரக்கு. ஓட்டுநருக்குப் போவது பிழைப்பு.

கணவர் தயங்கவில்லை. தானே வாங்கியது, ஓட்டுநருக்கு உள்ளே என்ன இருக்கிறதென்று தெரியாது என்று கைப்பட எழுதிக் கொடுத்தார். பாட்டில்களை எண்ணி, குறித்து, எடுத்துக்கொண்டார்கள். எச்சரித்துக் குடும்பத்தை அனுப்பினார்கள். கூப்பிட்டால் வர வேண்டும் என்று ஓட்டுநரிடம் கையெழுத்து வாங்கி, வண்டியின் ஆவணங்களைக் குறித்துக்கொண்டார்கள். கூடலூர், நடுவட்டம், பைக்காரா வழியாக மலையேறி அவர்கள் கோத்தகிரி வந்து சேர்ந்தபோது இரவு வெகுநேரம் ஆகிவிட்டது.

அளவு பற்றிக் கணவர் பிறகு என்னிடம் கேட்டார். தமிழ்நாட்டில் 21 வயது நிரம்பியவர் சொந்த உபயோகத்துக்கு வைத்திருக்கக்கூடிய உச்ச அளவு விஸ்கி, ரம் வகைகளில் 4.5 லிட்டர், பீர் 7.8 லிட்டர், ஒயின் 9 லிட்டர். 650 மி.லி. பாட்டில் பன்னிரண்டு சேர்ந்தால் சரியாக 7.8 லிட்டர் வரும். இவர்களுடைய 24 சின்ன பாட்டில்கள் 7.92 லிட்டர். ‘கொஞ்சம்தானே கூடுதல், நாலு பேருக்குப் பங்கிட்டால் வரம்புக்குள் வந்துவிடுமே’ என்றார். கோவை வழக்கறிஞர் ஒருவரிடம் விசாரித்தேன். இந்த வரம்பு இங்கே உரிமம் பெற்ற கடையில் வாங்கியதற்குப் பேசுவது. வேறு மாநிலத்தில் வாங்கியதை எல்லை தாண்டிக் கொண்டுவருவது சட்டத்தின் பார்வையில் இறக்குமதி, அதற்குத் தனி அனுமதி வேண்டும் என்றார் அவர். கர்நாடகப் பில் அங்கே வரி கட்டியதற்குத்தான் சாட்சி.

தை 2

மறுநாள் திருவள்ளுவர் நாள். தமிழ்நாட்டில் ஆண்டுதோறும் மதுக்கடை மூடியிருக்கும் எட்டு நாட்களில் ஒன்று. மற்றவை குடியரசு நாள், வள்ளலார் நினைவு நாளாகக் கடைப்பிடிக்கும் தைப்பூசம், மகாவீர் ஜெயந்தி, மே தினம், சுதந்திர நாள், மிலாது நபி, காந்தி ஜெயந்தி. அன்றைக்கு நட்சத்திர ஓட்டல் பாரும் கிளப்பும்கூடத் திறக்காது. தேர்தல் வந்தால் அதற்கும் தனியாக மூடுவார்கள். பொங்கல் விடுமுறைக்கு மலைக்கு வருபவர்கள் பெரும்பாலும் இந்த நாளில்தான் தடுமாறுகிறார்கள்.

காலையில் தம்பி எங்கள் பெரியவரிடம் வந்தார். பெரியவர் அரசுத் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீயின் தோட்டத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய குடும்பம்.

‘அண்ணே, எங்கயாவது கிடைக்குமா?’

‘இன்னைக்குக் கடை லீவு தம்பி. நாளைக்குப் பன்னெண்டு மணிக்குத் திறப்பாங்க.’

தம்பி இரண்டாயிரம் ரூபாயை எடுத்து நீட்டினார். மீதியை வைத்துக்கொள்ளுங்கள் என்றும் சொன்னார். பெரியவர் வாங்கவில்லை, எனக்குப் போன் செய்தார். பதிவேட்டில் தேதி, நேரத்தோடு ‘விருந்தினர் மது கேட்டார், இல்லை என்று சொல்லப்பட்டது’ என்று எழுதி வைக்கச் சொன்னேன். தம்பியிடமும் நானே பேசினேன். எங்கள் வீட்டுக்கு மது உரிமம் இல்லை. எங்கள் ஆள் பணம் வாங்கி ஒரு பாட்டில் கொண்டுவந்து கொடுத்தால் சட்டத்துக்கு அது விற்பனை, மாட்டுபவர் அவர். தவிர, மூடிய நாளில் சந்துக்கடையில் விற்பது எங்கிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியாது. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயத்தில் அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். அதற்குப் பிறகு சட்டத்தைத் திருத்தித் தண்டனையையும் கடுமையாக்கியிருக்கிறார்கள். இவ்வளவையும் சொன்னேன். அவர் மரியாதையாகக் கேட்டுக்கொண்டார்.

மாலையில் டவுனைச் சுற்றிப் பார்த்து வருவதாகச் சொல்லி அக்கா மகனையும் கூட்டிக்கொண்டு கிளம்பினார். கடைவீதியில் விசாரித்து, ஒரு சந்தில் இரண்டு குவார்ட்டரை மும்மடங்கு விலைக்கு வாங்கினார். வழியில் தேயிலைத் தோட்டத்து ஓரத்தில் உட்கார்ந்து ஒன்றை முழுக்கவும் இன்னொன்றில் பாதியும் குடித்தார். காட்டுமாடும் கரடியும் சாதாரணமாக நடமாடும் இடம் அது. அந்தி சாய்ந்தபின் உள்ளூர்க்காரர்கள் அங்கே தனியாகப் போவதில்லை. பையன் குடிக்கவில்லை. சிங்கப்பூரில் 18 வயது போதும், இங்கே அவன் குடித்திருந்தால் அது இன்னொரு சிக்கலாகியிருக்கும். அவன் செய்த ஒரு காரியம் பிறகு எல்லோருக்கும் உதவியது. நீலகிரியில் காலி பாட்டிலைக் கடையில் திருப்பிக் கொடுத்தால் பத்து ரூபாய் கிடைக்கும் என்று எங்கோ படித்திருந்தான். பாட்டில்களைப் புதரில் எறியாமல் பையில் போட்டுக்கொண்டு வந்தான்.

அந்தப் பத்து ரூபாய்த் திட்டம் 2022 மே 15 அன்று நீலகிரியில்தான் முதலில் தொடங்கியது. காட்டோரம் உடைந்து கிடக்கும் கண்ணாடி யானைகளின் காலைக் கிழிக்கிறது என்ற கவலையில் சென்னை உயர் நீதிமன்றம் தலையிட்டதால் வந்தது. பாட்டில் விலைக்கு மேல் பத்து ரூபாய் வாங்குவார்கள், அடையாள ஸ்டிக்கர் ஒட்டுவார்கள், காலியைக் கொடுத்தால் பணம் திரும்பும்.

இரவு

நள்ளிரவு தாண்டித் தம்பி வாந்தி எடுக்கத் தொடங்கினார். தலைவலி, வெளிச்சம் பார்த்தால் கண் கூசுகிறது என்றார். அவர் முதலில் வழியில் சாப்பிட்ட பஜ்ஜியைத்தான் சொன்னார். பையன் அம்மாவை எழுப்பி நடந்ததைச் சொன்னான்.

இங்கேதான் இந்த நிகழ்வின் கனமான முடிவு எடுக்கப்பட்டது. எடுத்தவர் அக்கா. சாதாரண போதைத் தலைவலியும் மெத்தனால் விஷமும் முதல் சில மணி நேரத்தில் ஒன்றுபோலவே தெரியும் என்பது அவருக்குத் தெரியும். மெத்தனால் உடலுக்குள் ஃபார்மிக் அமிலமாக மாறிய பிறகுதான் கண் நரம்பைத் தாக்கும். அறிகுறி வெளிப்பட 12 முதல் 24 மணி நேரம்கூட ஆகலாம். நல்ல மதுவோடு கலந்திருந்தால் இன்னும் தள்ளிப்போகும். காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று காத்திருப்பதில்தான் பார்வை போகிறது. கண் கூசுகிறது என்ற ஒரு சொல் அவருக்குப் போதுமாக இருந்தது. தம்பி மறுத்தார், கணவர் விடியட்டும் என்றார். அவர் கேட்கவில்லை.

பெரியவர் பக்கத்து லைன் வீட்டு ஜீப்காரரை எழுப்பி வண்டியைக் கொண்டுவந்தார். காலி பாட்டிலையும் பாதி மிச்சமிருந்ததையும் அக்கா கூடவே எடுத்துப் போனார். கோத்தகிரியில் முதலுதவி செய்து, ரத்தப் பரிசோதனைக்காக ஊட்டிக்கு அனுப்பினார்கள். ரத்தத்தில் அமிலத்தன்மை ஏறியிருக்கிறதா என்பதைத்தான் முக்கியமாகப் பார்த்தார்கள். ஏறவில்லை. மறுநாள் மாலை வரை கண்காணிப்பில் வைத்துவிட்டு, வெறும் வயிற்றில் குடித்ததும் நீர்ச்சத்துக் குறைவும்தான் என்று சொல்லி அனுப்பினார்கள்.

அன்றிரவு அவசரப்பட்டது வீண் என்று தம்பி பிறகு சொன்னாராம். நான் ஏற்கவில்லை. அந்த நேரத்தில் கையில் இருந்த தகவலை வைத்துப் பார்த்தால் அக்கா எடுத்தது ஒன்றே சரியான முடிவு.

விசாரணை

சந்தேகத்துக்குரிய மது என்றால் மருத்துவமனை காவல்துறைக்குத் தகவல் கொடுக்கும். காலையிலேயே விசாரணை வந்தது. எங்கே வாங்கினீர்கள் என்ற கேள்விக்குத் தம்பி மயக்கத்தில் சொன்ன முதல் பதில், ‘தங்கியிருக்கிற வீட்டில் கேட்டேன்’ என்பது. முழு வாக்கியம் ‘கேட்டேன், கிடைக்கவில்லை’ என்று வந்திருக்க வேண்டும். பாதியில் நின்ற அந்தப் பதிலை வைத்துப் பெரியவரைக் காவல் நிலையத்துக்குக் கூப்பிட்டார்கள். பண்டிகை முடியாத நாளில், பேரப் பிள்ளைகள் வீட்டில் இருக்க, அறுபதைத் தாண்டிய மனிதர் அங்கே உட்கார்ந்திருந்தார். அவர் வாழ்க்கையில் அதற்கு முன் காவல் நிலையப் படி ஏறியதில்லை.

அவருக்குக் கைகொடுத்தவை இரண்டு. ஒன்று பதிவேட்டுக் குறிப்பு. நேரம் போட்டிருந்ததால் என்னுடைய போன் அழைப்போடு ஒத்துப்போனது. இன்னொன்று பையன் பையில் வைத்திருந்த காலி பாட்டில். அதில் பத்து ரூபாய் ஸ்டிக்கர் இல்லை. லேபிளில் ‘புதுச்சேரியில் மட்டும் விற்பனைக்கு’ என்று அச்சாகியிருந்தது. இந்த மாவட்டத்துக் கடை எதிலும் வாங்கி வைத்து விற்றது அல்ல, வெளியிலிருந்து கடத்தி வந்த சரக்கு என்று அதைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது. விசாரணை சந்துக்கடை ஆளின் பக்கம் திரும்பியது. மாலையில் தெளிந்தபின் தம்பியும், தானே போய்த் தானே வாங்கியதாகவும், விடுதி ஆட்கள் மறுத்ததாகவும் எழுதிக் கொடுத்தார். பெரியவரை வீட்டுக்கு அனுப்பினார்கள்.

அடுத்த நாள் தம்பி அவர் வீட்டுக்கே போய் மன்னிப்புக் கேட்டார். பெரியவரின் மனைவி டீ கொடுத்தார், ஆனால் உட்காரச் சொல்லவில்லை. அதையும் பதிவு செய்கிறேன். இப்படிப்பட்ட சம்பவங்கள் கையெழுத்தோடு முடிந்துவிடுவதில்லை.

பின் மாற்றியவை

முன்பதிவு உறுதியானதும் போகும் செய்தியில் இப்போது மது பற்றித் தனிப் பத்தி இருக்கிறது. கர்நாடகம், கேரளம், புதுச்சேரியில் வாங்கியதைக் கொண்டுவர வேண்டாம், பில் இருந்தாலும் வேண்டாம் என்பது முதல் வரி. விமான நிலைய வரியில்லாக் கடையில் வாங்கியிருந்தால் (ஒருவருக்கு 2 லிட்டர் வரை இந்தியச் சுங்கம் அனுமதிக்கிறது) அந்தப் பில்லையும் பாஸ்போர்ட்டையும் பாட்டிலோடு வைத்திருக்கச் சொல்கிறோம். தங்கும் நாட்களில் கடை மூடும் நாள் வருகிறதா என்று நாங்களே பார்த்து எழுதுகிறோம். கடை பகல் 12 முதல் இரவு 10 வரை, வயது 21, காலி பாட்டிலைத் திருப்பிக் கொடுக்க வேண்டும், காட்சிமுனையிலும் சாலையோரத்திலும் தோட்டத்திலும் குடிக்கக்கூடாது என்பவையும் உண்டு.

வண்டி ஓட்டுவது பற்றிக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறோம். 100 மி.லி. ரத்தத்தில் 30 மி.கி. தாண்டினால் முதல் தடவையே 10,000 ரூபாய் வரை அபராதம், ஆறு மாதம் வரை சிறை. போதையில் ஓட்டுபவரோடு தெரிந்தே உட்கார்ந்து வருபவர்மீதும் தமிழ்நாட்டில் வழக்குப் போடுகிறார்கள். சமவெளியில் தப்பித்துவிடலாம் என்று நினைப்பவர்கள்கூட மலைப்பாதையின் கொண்டை ஊசி வளைவுகளில் தப்ப முடியாது.

‘ஓட்டுநரையோ வீட்டில் வேலை செய்பவரையோ மது வாங்கி வரச் சொல்லக்கூடாது; பணம் கொடுத்துக் கேட்டால் முன்பதிவு ரத்து’ என்ற வரியைச் சேர்க்கும்போது, விருந்தினரை அவமதிப்பதுபோல் இருக்கிறதே என்று வீட்டு உரிமையாளர் யோசித்தார். நான் விடவில்லை. ஐந்நூறு ரூபாய்த் தாளை நீட்டும் விருந்தினரிடம் இல்லை என்று சொல்ல, மாதச் சம்பளக்காரருக்கு எழுத்தில் ஒரு பிடிமானம் வேண்டும். பெரியவர் அன்றைக்கு மறுத்தது அவருடைய குணம். எல்லோரிடமும் அதை எதிர்பார்க்க முடியாது.

ஓட்டுநர்

கையெழுத்துப் போட்ட ஓட்டுநரைப் பிறகு கூடலூருக்குக் கூப்பிட்டார்கள். வாக்குமூலம் கொடுத்ததோடு முடிந்தது. வண்டிக்கு ஆபத்து வரவில்லை. கணவர் முதலிலேயே எழுதிக் கொடுத்தது அங்கே உதவியது. அதற்காக ஓடாமல் போன நாட்களின் வாடகையை அந்தக் குடும்பம் கேட்காமலே அனுப்பிவைத்தது.

இப்போது அவர் பயணிகளோடு வரும்போது குண்டல்பேட்டையில் வண்டியை நிறுத்தி, டிக்கியைத் திறந்து காட்டச் சொல்கிறார். பாட்டில் இருந்தால் அங்கேயே விட்டுவிடச் சொல்கிறார். அதற்குப் பிறகுதான் பந்திப்பூர் வாயிலுக்கு வண்டி நகர்கிறது. இதனால் கோபப்பட்டு வேறு வண்டி பிடித்துக்கொண்டவர்களும் உண்டாம். வாடகை போனாலும் பரவாயில்லை என்கிறார்.